ஒரு கீதமும் பத்து நகரங்களும்

பேட்டன் ரூஜ், டென்வர், சக்கிரமெண்டோ, இஸ்தான்புல், வன்கூவர், பேர்ம், ரொசெட்டோ, தெசலோனிக்கி, ஜித்தா, கியோட்டோ.

கூடைப்பந்தாட்ட வீரர் ஒருவர் தமது பத்தொன்பதாவது வயதுக்கும் நாற்பத்திரண்டாவது வயதுக்கும் இடையில் எந்தெந்த ஊர்களின் சீருடையை அணிந்து விளையாடினார் என்பதைக் காட்டும் வரிசை இது. அமெரிக்கா, துருக்கி, கனடா, ருஷ்யா, இத்தாலி, கிரேக்கம், சவூதி அரேபியா, ஜப்பான் என்று நீளும் இந்தப் பயணத்தைப் பார்க்கும் எவரும், உலகைச் சுற்றிவரும் வாய்ப்புக் கிட்டிய அதிர்ஷ்டசாலி என்றே அவரை எண்ணுவர். ஆனால், பட்டியலின் இரண்டாவது நகரில் 1996 மார்ச் மாதத்தில் நடந்ததை அறியாதவர்களுக்கு அதன் பின்னால் வரும் எட்டு நகரங்களும் விளங்கமாட்டா.

அந்த வீரரின் பெயர் மஹ்மூத் அப்துல் ரவூப். பிறந்தபோது பெற்றோர் இட்ட பெயர் கிறிஸ் ஜக்சன்.

அமெரிக்காவின் மிசிசிப்பி மாநிலத்தில், மெக்சிக்கோ வளைகுடாக் கரையில் உள்ள கல்ஃப்போர்ட் என்ற நகரில் 1969 மார்ச் 9 ஆம் திகதி அவர் பிறந்தார். கறுப்பின மக்களின் வாக்குரிமைக்காக உயிர்கள் பலியிடப்பட்ட மாநிலம் அது. தந்தையை அறியாத பிள்ளையாக, தனித்து நின்று உழைத்த தாயின் வளர்ப்பில், கொடிய வறுமையில் வளர்ந்தார். வறுமையோடு இன்னொரு துன்பமும் சேர்ந்திருந்தது. அவரது உடல் அவரறியாமலே துடித்தது. தலை வெட்டி வெட்டித் திரும்பியது. தொண்டையிலிருந்து ஒலிகள் தாமாக எழுந்தன. பாடசாலையில் அவரை மந்தபுத்தியுள்ள பிள்ளையென்று கருதி வேறு வகுப்பில் இருத்தினார்கள். அது தூரெட் எனப்படும் நரம்பியல் கோளாறு என்று மருத்துவர்கள் கண்டறிந்தபோது அவருக்கு வயது பதினேழு.

அந்நோயின் இயல்புகளுள் ஒன்று, ஒரு செயலைத் தமக்குச் 'சரி' என்று தோன்றும்வரை திரும்பத் திரும்பச் செய்யத் தூண்டுவது. சப்பாத்து நாடாவை முடிச்சிடுவதற்கே நீண்ட நேரம் எடுக்கும் அந்தச் சிறுவனைக் கூடைப்பந்தாட்டத் திடலில் அதே தூண்டுதல் வேறொருவனாக்கியது. பந்து வளையத்தில் படாமல், வலையை மட்டும் உரசிக்கொண்டு, தான் எதிர்பார்த்த ஒலியுடன் விழவேண்டும். அதுவும் தொடர்ந்து பல தடவை விழவேண்டும். ஒன்று பிசகினாலும் முதலிலிருந்து தொடங்கவேண்டும். அதுவரை அவரால் வீடு திரும்ப முடியாது. வகுப்பறையில் அவரை ஒதுக்கிய நோயே திடலில் அவரைச் செதுக்கியது.

ஆறடி ஓர் அங்குல உயரம் கூடைப்பந்தாட்டத்தில் குறைவான உயரமே. ஆயினும் 1988 இல் லூசியானா மாநிலப் பல்கலைக்கழகத்தில் சேர்ந்த முதலாவது ஆண்டிலேயே ஒரு போட்டிக்குச் சராசரி 30.2 புள்ளிகள் பெற்றார். முதலாண்டு மாணவர் எவரும் அதற்கு முன் அந்த எண்ணிக்கையைத் தொட்டதில்லை. மிசிசிப்பி பல்கலைக்கழகத்துக்கு எதிரான ஒரு போட்டியில் மட்டும் 55 புள்ளிகள். அடுத்த ஆண்டு அதே அணியில் இவரோடு சேர்ந்து விளையாட வந்த இளைஞர்களுள் ஒருவர், பின்னாளில் உலகறிந்த ஷகீல் ஓ'நீல். 1990 இல் இளம் வீரர்களை அணிகள் வரிசைமுறையில் தெரிவுசெய்யும் நிகழ்வில், மூன்றாமவராக டென்வர் நகெட்ஸ் அணி இவரைத் தெரிவு செய்தது. இவருக்கு முன் தெரிவானவர்கள் டெரிக் கோல்மனும் கரி பேட்டனும். பேட்டனின் பெயரை வாசகர்கள் நினைவில் வைத்திருக்கவேண்டும். இக்கதையின் இறுதியில் அவர் மீண்டும் வருவார்.

பல்கலைக்கழகத்தில் இவருக்கு வாய்த்த பயிற்றுநர் டேல் பிரவுண் வெள்ளையர். தமது வீரர்களுக்குப் பந்தோடு புத்தகங்களையும் கொடுக்கும் வழக்கமுடையவர். அவ்வாறு அவர் கொடுத்த நூல்களுள் ஒன்று மல்கம் எக்ஸின் சுயசரிதை. அந்த வாசிப்பில் தொடங்கிய தேடல் 1991 இல் கிறிஸ் ஜக்சனை இஸ்லாத்துக்கு இட்டுச் சென்றது. 1993 இல் சட்டப்படி பெயரை மாற்றிக்கொண்டார். மஹ்மூத் என்றால் புகழத்தக்கவர். அப்துல் ரவூப் என்றால் பேரிரக்கமுடைய இறைவனின் அடியார்.

டென்வரில் அவரது ஆட்டம் ஆண்டுக்காண்டு மெருகேறியது. 1992-93 பருவகாலத்தில் ஒரு போட்டிக்கு 19.2 புள்ளிகள் பெற்று, அமெரிக்கத் தொழில்முறைக் கூடைப்பந்தாட்டச் சங்கமான என்.பி.ஏ.யில் மிகக் கூடிய முன்னேற்றம் கண்ட வீரருக்கான விருதைப் பெற்றார். எதிரணியின் தவறுக்காக வழங்கப்படும் ஃபிரீ த்ரோ எறிதலில் 1993-94 இல் 229 முயற்சிகளில் 219 தடவை பந்தைக் கூடைக்குள் வீழ்த்தினார். அந்தப் பருவகாலத்தில்தான், எட்டாவது இடத்தில் இருந்த டென்வர் அணி முதலிடத்தில் இருந்த சியற்றில் அணியை முதற் சுற்றிலேயே வெளியேற்றியது. என்.பி.ஏ. வரலாற்றில் அதற்கு முன் அவ்வாறு நடந்ததில்லை. 1995 டிசெம்பரில் யூட்டா அணிக்கெதிராக 51 புள்ளிகள். 1996 பெப்ரவரி 4 ஆம் திகதி, மைக்கல் ஜோர்டன் விளையாடிய சிக்காகோ புல்ஸ் அணி தொடர்ச்சியாக 18 வெற்றிகளோடு டென்வருக்கு வந்தது. அந்தத் தொடரை டென்வர் முறியடித்தது. அன்று அப்துல் ரவூப் பெற்றவை 32 புள்ளிகள். அந்தப் பருவகாலம் முழுவதிலும் சிக்காகோ தோற்றவை பத்துப் போட்டிகள் மட்டுமே.

அப்போது அவருக்கு வயது இருபத்தாறு. ஐந்து வாரங்கள் கழித்து எல்லாம் மாறியது.

அமெரிக்காவில் ஒவ்வொரு போட்டிக்கு முன்னரும் தேசிய கீதம் இசைக்கப்படும். வீரர்களும் பயிற்றுநர்களும் வரிசையாகக் கண்ணியமான தோற்றத்துடன் நிற்கவேண்டும் என்பது என்.பி.ஏ.யின் விதி. அந்தப் பருவகாலத்தில் அப்துல் ரவூப் அந்நேரத்தில் உடைமாற்றும் அறையில் இருந்துவிடுவார். அல்லது ஆசனத்தில் அமர்ந்திருப்பார். அவர் அதை அறிவிக்கவில்லை. எவரையும் தம்மோடு சேர அழைக்கவுமில்லை. பருவகாலத்தின் பெரும்பகுதி அவ்வாறே கழிந்தது. அணிக்குத் தெரிந்திருந்தும் ஒருவரும் பெரிதுபடுத்தவில்லை. மார்ச் மாதத்தில் உள்ளூர்ச் செய்தியாளர்கள் கேட்டபோதுதான் அவர் காரணத்தைக் கூறினார். அந்தக் கொடி பலருக்குப் பெருமையின் சின்னமாயிருக்கலாம். ஆனால் ஒடுக்குமுறையின் சின்னமாகவும் அது இருந்திருக்கிறது. கடவுளுக்கும் ஒடுக்குமுறைக்கும் ஒரேநேரத்தில் உரியவனாக இருக்கத் தம்மால் இயலாது என்பது அவரது பதிலின் சாரம்.

மார்ச் 12 ஆம் திகதி என்.பி.ஏ. அவரை இடைநிறுத்தியது. விளையாடாத ஒவ்வொரு போட்டிக்கும் அவர் இழக்கவேண்டியிருந்த தொகை 31,707 டொலர். வீரர்களின் தொழிற்சங்கம் அவருக்குத் துணைநின்றது. ஆனால் சக முஸ்லிம் வீரரும் பெரும் புகழ் பெற்றவருமான ஹக்கீம் ஒலாஜுவன் அவரது நிலைப்பாட்டை ஏற்கவில்லை. வாழும் நாட்டை மதிப்பதையே இஸ்லாம் போதிக்கிறது என்ற கருத்தை அவர் வெளியிட்டார். இரண்டு நாட்களில் ஓர் இணக்கம் ஏற்பட்டது. அப்துல் ரவூப் எழுந்து நிற்பார். ஆனால் கண்களை மூடி, இரு கைகளையும் ஏந்தி, துன்புறுவோருக்காகப் பிரார்த்திப்பார். மார்ச் 15 இல் சிக்காகோ அரங்கில் அவர் அவ்வாறு நின்றபோது கூச்சலிட்டு இகழ்ந்தார்கள். சில நாட்களின் பின் டென்வரில், ஒரு வானொலி நிலையத்தைச் சேர்ந்த சிலர் பள்ளிவாசலுக்குள் நுழைந்து ஊதுகுழலில் அமெரிக்கத் தேசிய கீதத்தை இசைத்தார்கள். வேடிக்கை என்ற பெயரால் அது நடந்தது.

ஒரே ஒரு போட்டித் தடை. ஏட்டில் உள்ள தண்டனை அவ்வளவுதான்.

அந்த வாரத்தில் எமது நாட்டின் பத்திரிகைகளில் வேறெதற்கும் இடமிருக்கவில்லை. மார்ச் 13 ஆம் திகதி கல்கத்தா ஈடன் தோட்டத்தில் உலகக்கிண்ண அரையிறுதி; 17 ஆம் திகதி லாகூரில் இறுதிப்போட்டி. இலங்கை அணி உலகக் கிண்ணத்தை வென்ற வாரம் அது. டென்வரிலிருந்து வந்த தந்திச் செய்தி எமது விளையாட்டுப் பக்கங்களில் ஒரு பந்தியைப் பெற்றிருந்தால் அதுவே பெரிது. தேசிய கீதத்தை எந்த மொழியில் பாடுவது என்பதே நீண்டகால விவாதமாக இருந்த ஒரு நாட்டின் வாசகர்களுக்கு அச்செய்தியில் படிக்க நிறைய இருந்தது என்பது இப்போதுதான் உறைக்கிறது. ஆனால் எமது கவனயீனம் பெரிய குறையன்று. அந்த நான்கு நாட்களையும் முதற் பக்கத்தில் எழுதிய அமெரிக்கப் பத்திரிகைகள், அடுத்த பதினைந்து ஆண்டுகளை ஏறக்குறைய எழுதாமலே விட்டன என்பதுதான் பெரிய குறை.

1996 ஜூன் மாதத்தில் டென்வர் அணி அவரைச் சக்கிரமெண்டோ கிங்ஸ் அணிக்கு மாற்றியது. ஈடாகப் பெற்றது, விளையாட்டு வாழ்வின் அந்திமத்தில் இருந்த லிதுவேனிய வீரர் மார்சியூலியோனிஸையும் இரண்டாம் சுற்றுத் தெரிவுரிமை ஒன்றையும். தனது அணியில் மிகக் கூடுதலாகப் புள்ளிகள் பெற்ற இருபத்தேழு வயது வீரருக்கு இது சொற்ப விலை. சக்கிரமெண்டோவில் முதற் பருவகாலத்தில் 13.7 ஆக இருந்த அவரது சராசரி, இரண்டாவதில் 7.3 ஆகக் குறைந்தது. அந்த ஆண்டு அவருக்குக் கிடைத்தவை 31 போட்டிகளே. 1998 இல் ஒப்பந்தம் முடிந்தபோது அவருக்கு வயது இருபத்தொன்பது. எந்த அமெரிக்க அணியும் அவரை அழைக்கவில்லை.

இங்கே மறுபக்க வாதத்தையும் கூறவேண்டும். அவர் உயரம் குறைந்தவர், தற்காப்பு ஆட்டத்தில் வலுக்குறைந்தவர், எண்ணிக்கைகள் சரிந்துகொண்டிருந்த வீரரை அணிகள் எடுக்காதது விளையாட்டுக் காரணமே என்று வாதிடுவோர் உளர். ஓர் அணியின் தீர்மானத்தை அப்படி விளக்கலாம்; இரண்டு அணிகளின் தீர்மானத்தையும் விளக்கலாம். அன்று என்.பி.ஏ.யில் இருந்தவை 29 அணிகள். ஃபிரீ த்ரோவில் நூற்றுக்குத் தொண்ணூறுக்கு மேல் தவறாத ஒருவருக்கு, தமது நல்ல வயதில், மாற்று ஆட்டக்காரராகவேனும் ஆசனத்தின் ஓரத்தில் இடமளிக்க இருபத்தொன்பதில் ஒன்றுக்குக்கூடத் தோன்றவில்லை என்றால், அதைப் புள்ளிவிபரம் மட்டும் விளக்கிவிடாது.

இதற்கு ஒரு முன்னுதாரணமும் உண்டு. சிக்காகோ அணியின் கிரெக் ஹொட்ஜஸ் தூர எறிதல் போட்டியில் 1990 முதல் 1992 வரை மூன்று ஆண்டுகள் தொடர்ந்து வென்றவர். 1991 இல் வெள்ளை மாளிகை விருந்துக்கு ஆபிரிக்க உடையணிந்து சென்று, கறுப்பின மக்களின் நிலை குறித்து ஜனாதிபதி புஷ்ஷுக்கு எழுதிய கடிதமொன்றையும் கையளித்தார். 1992 இல் அணி அவரை விடுவித்தது. பின்னர் எந்த அணியும் அவரைச் சேர்த்துக்கொள்ளவில்லை. 1996 இல் அவர் தொடுத்த வழக்கும் வெற்றி பெறவில்லை. காரணம் எளிது. எழுதப்படாத ஒரு கட்டளையை எந்த நீதிமன்றத்தில் சமர்ப்பிப்பது?

அப்துல் ரவூப் வழக்குத் தொடுக்கவில்லை. விளையாடப் போனார். 1998 இல் இஸ்தான்புல்லின் ஃபெனர்பாச்சே. ஓராண்டு இடைவெளிக்குப் பின் 2000-01 இல் வன்கூவர் அணி அவரை அழைத்தது. 41 போட்டிகள், சராசரி 6.5 புள்ளிகள். அந்தப் பருவகாலம் முடிந்ததும் அந்த அணியே நகரைவிட்டு மெம்பிஸுக்குப் பெயர்ந்தது. என்.பி.ஏ.யில் அவரது கணக்கும் அத்தோடு முடிந்தது: ஒன்பது பருவகாலங்கள், 586 போட்டிகள், சராசரி 14.6 புள்ளிகள்.

அதே 2001 இல், மிசிசிப்பியில் பிறந்த ஊருக்கு அண்மையில் அவர் கட்டிய வீடு தீக்கிரையானது. அந்த வீட்டின் சுவரில் முன்னரே கூ கிளக்ஸ் கிளான் என்ற வெள்ளை இனவெறி இயக்கத்தின் மூன்றெழுத்துகள் பூசப்பட்டிருந்தன. ஊர் திரும்பி அமைதியாக வாழ நினைத்தவருக்கு ஊர் சொன்ன சேதி அது. எமது வாசகர்களுள் வீடு எரிந்த பின் வேற்றுநாட்டு விமானமேறியவர்கள் பலர் இருப்பர். இதற்கு மேல் விளக்கம் வேண்டியதில்லை.

பின்னர் மீண்டும் பயணம். ருஷ்யாவில் யூரல் மலைப்பிரதேசத்து நகரான பேர்ம்; இத்தாலியின் அட்ரியாட்டிக் கடலோரச் சிற்றூர் ரொசெட்டோ; கிரேக்கத்தின் தெசலோனிக்கியில் புகழ்பெற்ற அரிஸ் கழகம்; சவூதி அரேபியாவின் ஜித்தாவில் அல் இத்திஹாத்; இறுதியாக 2009 முதல் 2011 வரை ஜப்பானின் பழைய தலைநகரான கியோட்டோவில், அப்போதுதான் ஆரம்பிக்கப்பட்ட ஹன்னரிஸ் அணி. மொழி தெரியாத ஊர்களில், தமது மகன் வயதையொத்த இளைஞர்களோடு, நாற்பதைக் கடந்த பின்னும் அவர் பந்தைத் தட்டிக்கொண்டு ஓடினார். பணத்துக்காக மட்டும் ஒருவர் இப்படி ஓடுவதில்லை. சிறுவயதில் வீட்டுக்குப் போக விடாமல் அவரைத் திடலில் நிறுத்திய அதே தூண்டுதல்தான் இதற்கும் காரணமாயிருந்திருக்கும் என்று எனக்குத் தோன்றுகிறது.

இவ்வளவில் அவர் மறக்கப்பட்டிருப்பார். 2016 இல் அமெரிக்க உதைபந்தாட்ட வீரர் கொலின் கெப்பர்னிக், கறுப்பினத்தவர்கள் பொலிஸாரால் கொல்லப்படுவதைக் கண்டித்து, கீதம் இசைக்கப்படும்போது முதலில் அமர்ந்தும் பின்னர் முழந்தாளிட்டும் இருந்தார். 2017 ஜனவரி முதலாம் திகதியோடு அவரது விளையாட்டு வாழ்வும் நின்றது. இதற்கு முன் இப்படி நடந்ததுண்டா என்று பத்திரிகைகள் பழைய ஏடுகளைப் புரட்டியபோதுதான் அப்துல் ரவூப்பின் பெயர் மேலெழுந்தது. ஆனால் கெப்பர்னிக் அமெரிக்க உதைபந்தாட்டச் சங்கத்துக்கெதிராக முறைப்பாடு செய்தார். 2019 இல் அது இணக்கத்தில் முடிந்தது. அவருக்கு ஒரு கோப்பாவது இருக்கிறது.

2020 ஜூலை 30 ஆம் திகதி. கொள்ளை நோய்க் காலத்தில் ஒர்லாண்டோவில் வெற்று அரங்கில் என்.பி.ஏ. போட்டிகள் மீண்டும் தொடங்கின. ஜோர்ஜ் ஃபுளோயிட் கொல்லப்பட்டு இரண்டு மாதங்களே ஆகியிருந்தன. கீதம் இசைக்கப்பட்டபோது இரு அணிகளின் வீரர்களும், பயிற்றுநர்களும், நடுவர்களும் முழந்தாளிட்டார்கள். எழுந்து நிற்கவேண்டும் என்ற விதி நீக்கப்பட்டிருக்கவில்லை. ஆனால் அதை நடைமுறைப்படுத்தப் போவதில்லை என்று சங்கத்தின் ஆணையாளர் அடம் சில்வர் அறிவித்தார். சங்கம் அதே சங்கம். விதியும் அதே விதி. கீதமும் அதே கீதம். 1996 இல் ஒருவர் தனியாகச் செய்து தண்டிக்கப்பட்டதை, 2020 இல் எல்லோரும் சேர்ந்து செய்தபோது நிர்வாகம் மதிப்புடன் ஏற்றுக்கொண்டது. விதிகள் எழுத்தில் மாறாமலே வாழ்க்கையில் மாறுவதற்கு இதைவிடத் தெளிவான உதாரணம் கிடைப்பது அரிது.

அங்கீகாரங்களும் தாமதமாக வந்து சேர்ந்தன. 2017 இல் ஓய்வுபெற்ற வீரர்களுக்கென மூவர் அணிச் சுற்றுப்போட்டி ஆரம்பமானபோது நாற்பத்தெட்டாவது வயதில் அவர் களமிறங்கினார். அவரது அணியின் பயிற்றுநர், 1990 இல் அவருக்கு முன் தெரிவான அதே கரி பேட்டன். 2020 பெப்ரவரியில் அவரது பல்கலைக்கழகம் அவர் அணிந்த 35 ஆம் இலக்கச் சீருடையை இனி எவருக்கும் வழங்குவதில்லை என்று அறிவித்துக் கௌரவித்தது. 2022 இல் அவரது சுயசரிதை வெளிவந்தது. வெளியிட்டது கெப்பர்னிக்கின் பதிப்பகம். அடுத்த ஆண்டு அவரைப் பற்றிய ஆவணப்படமும் வந்தது. ஸ்டீவன் கரியின் ஆட்டத்தைப் பார்த்து வியந்தவர்களுக்கு, பயிற்றுநர் பில் ஜக்சன் முன்னரே இவரை நினைவூட்டியிருந்தார். அப்போது பலர் நகைத்தார்கள்.

இவையெல்லாம் நல்லவையே. ஆனால் இருபத்தொன்பது வயதுக்கும் முப்பத்தைந்து வயதுக்கும் இடைப்பட்ட காலத்தை எந்தக் கௌரவமும் திருப்பித் தராது. விளையாட்டு வீரனின் வாழ்வில் அந்த ஆறு ஆண்டுகள், ஓர் எழுத்தாளனுக்கு இருபது ஆண்டுகளுக்குச் சமம்.

வரலாறு எழுதுவோர் ஆவணங்களைத் தேடுகிறோம். தடையுத்தரவு, தீர்ப்பு, வர்த்தமானி அறிவித்தல் என்று ஏதாவது ஒரு தாள் இருந்தால் குற்றம் இன்னாருடையது என்று சுட்டிக்காட்டலாம். அப்துல் ரவூப்பின் விடயத்தில் அப்படியொரு தாள் இல்லை; ஒரு போட்டித் தடை மாத்திரமே உண்டு. மிகுதித் தண்டனை முழுவதும் ஒலிக்காத தொலைபேசியாகவே நிறைவேற்றப்பட்டது. அத்தகைய தண்டனைக்கு ஆவணம் வேண்டுமானால், இக்கட்டுரையின் தொடக்கத்தில் உள்ள நகரங்களின் பட்டியலை மீண்டும் ஒருமுறை வாசியுங்கள். அதுவே ஆவணம்.

வருந்துகிறீரா என்று அவரிடம் பலர் பல தடவை கேட்டிருக்கிறார்கள். ஒவ்வொரு தடவையும் அவர் ஒரே பதிலைத்தான் அளித்து வந்திருக்கிறார். வருந்தவில்லை.